ஸ்பொட்டிஃபையின் 2024 கணக்கு: கொழும்பிலிருந்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இணையத்தில் பாட்டுக் கேட்கும் செயலியான ஸ்பொட்டிஃபை 2006இல் சுவீடனில் தொடங்கப்பட்டது. ஒரு முழு ஆண்டுக்கும் இலாபம் காட்ட அதற்கு 2024 வரை ஆனது. 2025 பெப்ரவரியில் அந்தக் கணக்கு வெளியானதிலிருந்து மூன்று வகையானவர்கள் கேள்வி கேட்கிறார்கள்: உயர்தரத்தில் வர்த்தகம் படிக்கும் பிள்ளைகள், பங்குச் சந்தையில் சிறிதாகக் கை வைத்திருப்பவர்கள், சொந்தப் பாட்டைப் பதிவேற்றிவிட்டுக் காசு எப்போது வரும் என்று பார்த்திருப்பவர்கள். மூன்று பேருக்கும் சேர்த்தே இந்தப் பதில்கள். நிறுவனம் யூரோவில் கணக்கு வைப்பதால், வேறு நாணயம் என்று சொல்லாத இடங்களில் எல்லாம் யூரோ என்றே எடுத்துக்கொள்ளுங்கள்.

சுருக்கமாகச் சொல்லுங்கள், 2024இல் என்ன நடந்தது?

வருமானம் 13.25 பில்லியனிலிருந்து 15.67 பில்லியனுக்கு ஏறியது. 18 வீத வளர்ச்சி. 2023இல் 532 மில்லியன் நட்டம், 2024இல் 1.14 பில்லியன் தேறிய இலாபம் (எல்லாச் செலவும் வரியும் போக மிஞ்சியது). மாதம் ஒருமுறையாவது செயலியைத் திறப்பவர்கள் 602 மில்லியனிலிருந்து 675 மில்லியன் ஆனார்கள். காசு கட்டும் சந்தாதாரர் 236 மில்லியனிலிருந்து 263 மில்லியன்.

செய்திகளில் அடிபட்டது 675 மில்லியன் என்ற எண்தான். இந்த ஆண்டின் கதையைச் சொல்வதில் அதற்குப் பங்கு குறைவு.

சந்தாதாரர் 11 வீதம்தான் கூடினார்கள். வருமானம் மட்டும் எப்படி 18 வீதம் கூடியது?

விலையை ஏற்றினார்கள். அமெரிக்காவில் தனிநபர் சந்தா பல ஆண்டுகளாக மாதம் 9.99 டொலரிலேயே நின்றது. 2023 ஜூலையில் அது 10.99 ஆனது, மறு ஆண்டு 11.99 ஆனது. வேறு பல நாடுகளிலும் இதே கதை.

சந்தா வருமானத்தைத் தனியே எடுத்துப் பாருங்கள். 11.57 பில்லியனிலிருந்து 13.82 பில்லியன், அதாவது 19 வீதம். ஆள் 11 வீதம் கூடி, காசு 19 வீதம் கூடினால் மிச்சம் ஒவ்வொருவரும் கட்டிய தொகையில் இருந்துதான் வந்திருக்க வேண்டும். அறிக்கையும் அதைத்தான் காட்டுகிறது: ஒரு சந்தாதாரர் மாதமொன்றுக்குக் கொடுத்த சராசரித் தொகை 2023இன் கடைசிக் காலாண்டில் 4.60 ஆக இருந்து, 2024இன் கடைசிக் காலாண்டில் 4.85க்கு வந்தது.

விலை ஏறியும் ஆட்கள் ஓடவில்லை என்பதுதான் முதலீட்டாளர்களுக்குப் பிடித்த பகுதி. எந்தத் தொழிலிலும் விலையை ஏற்றிப் பார்க்கும்வரை வாடிக்கையாளர் தங்குவாரா என்பது தெரியாது.

இவ்வளவு பெரிய கம்பனி இத்தனை வருடம் ஏன் நட்டத்தில் ஓடியது?

விற்கும் பொருள் அவர்களுடையது இல்லை. பாட்டு யூனிவேர்சல், சொனி, வோர்னர் போன்ற இசை நிறுவனங்களுக்கும், சுயாதீன நிறுவனங்களுக்கும், பாடலாசிரியர்களுக்கும் சொந்தம். வரும் காசில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு உரிமையாளர்களுக்குப் போய்விடுகிறது. 2024இல் மட்டும் இசைத்துறைக்கு 10 பில்லியன் டொலர் கொடுத்ததாக நிறுவனமே அறிவித்தது.

இங்கே ஒரு நுணுக்கம் உண்டு. சோப்புத் தொழிற்சாலை என்றால் உற்பத்தி பெருகப் பெருக ஒரு கட்டியின் செலவு குறையும். ஸ்பொட்டிஃபைக்கு அந்த வசதி இல்லை. வருமானம் இரட்டித்தால் உரிமைத்தொகையும் ஏறக்குறைய இரட்டிக்கும். அதனால் 'பெருத்தால் இலாபம் தானாக வரும்' என்று சொல்ல முடியாது. பல ஆண்டுகளாக இவர்கள் பெருத்துக்கொண்டே நட்டப்பட்டார்கள். நடுநடுவே சில காலாண்டுகளில் இலாபம் தலைகாட்டியது. முழு ஆண்டுக்கு நிற்கவில்லை.

சரி, 2024இல் என்னதான் மாறியது?

இரண்டு விடயங்கள். இரண்டையும் எண்களோடு பார்ப்போம், ஏனென்றால் இந்தப் பக்கத்தின் சாரமே இதுதான்.

முதலாவது, மொத்த இலாபம். 2023இல் 100 யூரோ வந்தால் உரிமைத்தொகை முதலிய நேரடிச் செலவு போக 25.60 மிஞ்சியது. 2024இல் 30.10 மிஞ்சியது. கேட்கச் சிறிதாக இருக்கும். 15.67 பில்லியனுக்கு நாலரை வீதம் என்றால் சுமார் 700 மில்லியன். இது எப்படி வந்தது? விலையேற்றம் ஒரு பக்கம். பொட்காஸ்ட் எனும் பேச்சு நிகழ்ச்சிகளில் வந்த நட்டத்தை வெட்டியது இன்னொரு பக்கம்: 2019இலிருந்து கிம்லெட், ஆங்கர் என்று கம்பனிகளை வாங்கி, பிரபலங்களுடன் பெரிய ஒப்பந்தங்கள் செய்து கொட்டிய காசை 2023இல் இழுத்துப் பிடித்தார்கள். மூன்றாவது வழி கொஞ்சம் சர்ச்சையானது. ஒரு பாட்டைக் கூடுதலாகப் பரிந்துரைப்பதற்குப் பதிலாகக் குறைந்த ரோயல்டிக்கு, அதாவது உரிமைத்தொகைக்கு, உரிமையாளரை ஒப்புக்கொள்ள வைக்கும் திட்டங்கள் இருக்கின்றன. அமெரிக்காவில் சந்தாவோடு ஒலிப்புத்தகத்தையும் சேர்த்து ஒரே பொதியாக்கினார்கள். அதனால் பாடலாசிரியர்களுக்குப் போகும் ஒரு வகை ரோயல்டி குறைந்தது. அதை வசூலித்துக் கொடுக்கும் அமைப்பு 2024 மே மாதம் வழக்கே போட்டது.

இரண்டாவது, ஆட்குறைப்பு. 2023 ஜனவரியில் ஊழியரில் 6 வீதம், ஜூனில் பொட்காஸ்ட் பிரிவில் சுமார் 200 பேர், டிசெம்பரில் 17 வீதம், அதாவது ஏறத்தாழ 1,500 பேர். விளைவு அடுத்த ஆண்டுக் கணக்கில் பளிச்சென்று தெரிகிறது. ஆய்வு, அபிவிருத்திச் செலவு 1.73 பில்லியனிலிருந்து 1.49க்கு இறங்கியது. விற்பனை, சந்தைப்படுத்தல் 1.53இலிருந்து 1.39. நிர்வாகச் செலவும் குறைந்தது. மூன்றையும் கூட்டினால் 3.84 பில்லியன் 3.36 பில்லியன் ஆகியிருக்கிறது.

வருமானம் 18 வீதம் ஏறும்போது இந்த மூன்று செலவும் இறங்குவது அபூர்வம். 446 மில்லியன் தொழிற்பாட்டு நட்டம் (வட்டி, வரி முதலியவற்றைக் கணக்கில் எடுக்கும் முன் வருவது) 1.37 பில்லியன் தொழிற்பாட்டு இலாபமாகப் புரண்டது அதனால்தான். என் கணிப்பில், இந்த இலாபத்தின் பெரும்பகுதி புதிய நேயர்கள் கொண்டுவந்ததல்ல. பழைய நேயர் கூடுதலாகக் கட்டியதும், வேலை போனவர்களின் சம்பளம் மிஞ்சியதும்தான்.

அடுத்த ஆண்டுகளில் அதே தொகையை மறுபடியும் மிச்சம் பிடிக்க முடியாது. ஒருமுறை நீக்கியவரை இன்னொருமுறை நீக்க முடியாதே.

மொத்த இலாபம், தொழிற்பாட்டு இலாபம், தேறிய இலாபம்: எதைப் பார்ப்பது?

பரீட்சைக்கு மூன்றையும். இந்தக் கம்பனியை விளங்கிக்கொள்ள மொத்த இலாப வீதம் போதும். இசை நிறுவனங்களோடு நடக்கும் பேரத்தில் யார் கை ஓங்கியிருக்கிறது என்பதை அந்த ஒற்றை எண் சொல்லிவிடும். தேறிய இலாபத்தில் வரி, நாணய மாற்று, கடன் பத்திரங்களின் மறுமதிப்பீடு எல்லாம் கலந்துவிடும்.

இலாபம் 1.14 பில்லியன். ஆனால் கைக்கு வந்த காசு 2.3 பில்லியன் என்கிறார்கள். இரட்டிப்புக் காசு எங்கிருந்து வந்தது?

நல்ல கேள்வி. காசு வந்ததையும் போனதையும் காட்டும் காசுப்பாய்ச்சற் கூற்றைப் பாடமாக்கியவர்கள்கூட இங்கே தடுமாறுகிறார்கள்.

வெள்ளவத்தையில் டியூஷன் வகுப்பு நடத்துபவரை நினையுங்கள். மாதத் தொடக்கத்திலேயே பிள்ளைகளிடம் கட்டணம் வாங்கிவிடுகிறார். மண்டப வாடகையை மாத முடிவில் கொடுக்கிறார். இடைப்பட்ட நாட்களில் காசு அவர் கையில். பிள்ளைகள் கூடிக்கொண்டே போனால் கையிருப்பும் கூடிக்கொண்டே போகும். ஸ்பொட்டிஃபையும் சந்தாவை முன்கூட்டியே எடுத்து, உரிமைத்தொகையைப் பிறகு செலுத்துகிறது.

இன்னொரு காரணம், ஊழியர்களுக்குச் சம்பளத்தின் ஒரு பகுதியைப் பங்காகக் கொடுப்பது. கணக்கில் அது செலவு. வங்கியிலிருந்து காசு போகாது. ஆனால் பங்குதாரர் கண்ணால் பார்த்தால் அது இலவசம் இல்லை, அவருடைய பங்கு கொஞ்சம் நீர்த்துப்போகிறது. 2.3 பில்லியனைப் பார்த்துப் புல்லரிக்கும் முன் இதைக் கழித்துப் பார்ப்பது நல்லது.

நான் இலவசமாகத்தான் கேட்கிறேன். என்னால் அவர்களுக்கு என்ன வரும்?

பெரிதாக ஒன்றுமில்லை. 2024இல் விளம்பர வருமானம் 1.85 பில்லியன். விளம்பரத்தோடு கேட்பவர்கள் ஏறத்தாழ 400 மில்லியன். வகுத்தால் ஆளுக்கு ஆண்டொன்றுக்கு நாலரை யூரோ சொச்சம். சந்தாதாரர் ஒரு மாதத்தில் கொடுப்பதும் கிட்டத்தட்ட அதேதான். அதாவது நீங்கள் பன்னிரண்டு மாதம் விளம்பரத்தைப் பொறுத்துக்கொண்டு கேட்டால், காசு கட்டுபவர் ஒரு மாதம் கேட்டதற்குச் சமம்.

மொத்த வருமானத்தில் 88 வீதம் சந்தா, 12 வீதம் விளம்பரம். விளம்பரப் பிரிவின் மொத்த இலாப வீதமோ சந்தாப் பிரிவினதில் பாதிகூட இல்லை. பிறகு ஏன் இலவசச் சேவை? சந்தாதாரரில் பெரும்பாலானோர் முதலில் இலவசமாகக் கேட்டவர்கள்தான். அது விற்பனைச் செலவு என்று நினைத்தால் சரியாக இருக்கும்.

இலங்கை இந்தக் கணக்கில் எங்கே இருக்கிறது?

2021 பெப்ரவரியில், எண்பதுக்கும் மேற்பட்ட நாடுகளுக்கு ஒரே வீச்சில் விரிந்தபோது இலங்கைக்கும் வந்தார்கள். இந்தியாவுக்கு அதற்கு இரண்டு ஆண்டு முன்பே, 2019இல். ஆண்டறிக்கையில் இலங்கைக்குத் தனி வரி கிடையாது. ஐரோப்பா, வட அமெரிக்கா, இலத்தீன் அமெரிக்கா போக மீதியெல்லாம் 'உலகின் ஏனைய பகுதி' என்ற ஒரே கூட்டுக்குள். கொழும்பும் டில்லியும் ஜகார்த்தாவும் லாகோசும் அதற்குள்ளேதான்.

அந்தக் கூட்டில் பயனர்களில் சுமார் மூன்றிலொரு பங்கு இருக்கிறார்கள். சந்தாதாரரில் அவர்கள் பங்கு அதில் பாதிக்குப் பக்கமாகத்தான் வரும். கட்டும் தொகையும் குறைவு. பயனர் எண்ணிக்கை வேகமாகக் கூடுவதும் இந்தப் பக்கத்தில்தான். 675 மில்லியனைப் பார்த்து அதே வேகத்தில் காசும் வரும் என்று எண்ணக்கூடாது. அந்த எண்ணுக்குப் பங்கு குறைவு என்று தொடக்கத்தில் சொன்னதற்குக் காரணம் இது.

என் பாட்டு ஆயிரம் தடவை கேட்கப்பட்டிருக்கிறது. எனக்கு எவ்வளவு வரும்?

ஒரு தடவைக்கு இவ்வளவு என்று நிலையான விலை எதுவும் இல்லை. யூடியூபில் யாரோ சொன்ன 'ஒரு தடவைக்கு இத்தனை சதம்' என்பதை வைத்து வரவுசெலவுத் திட்டம் போடாதீர்கள். ஒவ்வொரு நாட்டிலும் அந்த மாதம் திரண்ட காசில் உரிமையாளர் பங்கை ஒதுக்கி, அந்த நாட்டின் மொத்தக் கேட்புகளில் உங்கள் பாட்டின் பங்கு எவ்வளவோ அந்த விகிதத்தில் பிரிக்கிறார்கள். அதுவும் நேரே உங்களிடம் வராது. பதிவேற்றிய விநியோக நிறுவனம் தன் பங்கை எடுத்து மிச்சத்தைத் தரும்.

நாடு வாரியாகப் பிரிப்பதால் நமக்கு ஒரு விளைவு உண்டு. தெகிவளையில் ஒருவர் கேட்பதும் டொரண்டோவில் ஒருவர் கேட்பதும் ஒரே காசு இல்லை. கனடாவில் சந்தா விலை கூட, அதனால் பிரிக்கக் கிடைக்கும் தொகையும் கூட. இலண்டன், டொரண்டோ, பாரிஸ் தமிழர்களிடம் பாட்டைக் கொண்டுசேர்க்க முயல்பவர்கள் தெரிந்தோ தெரியாமலோ சரியான கணக்கைத்தான் போடுகிறார்கள்.

2024 தொடக்கத்திலிருந்து இன்னொரு விதியும் வந்தது. முந்திய பன்னிரண்டு மாதத்தில் குறைந்தது 1,000 தடவை கேட்கப்படாத பாட்டு ரோயல்டிக் கணக்கிலேயே சேராது. சில்லறையைச் சிதறவிடாமல் இருப்பதற்கென்று நிறுவனம் விளக்கம் சொன்னது. அந்தச் சில்லறை மற்றப் பாட்டுகளின் உரிமையாளர்களுக்குப் போகிறது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். தொடக்கக் கலைஞருக்கு இது அடிதான்.

'மாறா நாணய மாற்று அடிப்படையில் வளர்ச்சி' என்று அறிக்கையில் வருகிறதே, அது என்ன?

இதை இலங்கையருக்கு விளக்குவது சுலபம். 2022 மார்ச் தொடக்கத்தில் டொலர் சுமார் 200 ரூபாய். மே மாதம் சுமார் 360. ஒரு ஏற்றுமதிக் கம்பனி இரண்டு தடவையும் ஒரே பத்து இலட்சம் டொலரைச் சம்பாதித்திருந்தால், ரூபாய்க் கணக்கில் 20 கோடி 36 கோடியாகியிருக்கும். புத்தகத்தில் 80 வீத வளர்ச்சி. உண்மையில் ஒரு சதம் கூடவில்லை.

ஸ்பொட்டிஃபை டொலரிலும் பவுணிலும் பிரேசில் நாணயத்திலும் வசூலித்து யூரோவில் எழுதுகிறது. மாற்று வீதம் அசைந்ததால் வந்த ஏற்ற இறக்கத்தை நீக்கி, சென்ற ஆண்டு வீதத்திலேயே கணக்கிட்டுக் காட்டுவதுதான் மாறா நாணய வளர்ச்சி. இரண்டு எண்ணும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். இரண்டுக்கும் இடைவெளி பெரிதாக இருந்தால் அங்கே நின்று வாசியுங்கள்.

நெட்ஃபிளிக்ஸோடு ஒப்பிடலாமா?

ஒப்பிடலாம், ஆனால் ஒரே தொழில் என்று நினைத்து ஒப்பிடக்கூடாது. 2024இல் நெட்ஃபிளிக்ஸின் வருமானம் 39 பில்லியன் டொலர், தேறிய இலாபம் 8.7 பில்லியன் டொலர். 100 டொலர் வருமானத்துக்கு 22 டொலருக்கு மேல் தேறிய இலாபம். ஸ்பொட்டிஃபையிடம் 100 யூரோவுக்கு 7 யூரோ சொச்சம்.

வித்தியாசம் நிர்வாகத் திறமையில் இல்லை. நெட்ஃபிளிக்ஸ் ஒரு தொடரை எடுத்து முடித்தால் பத்து இலட்சம் பேர் பார்த்தாலும் பத்துக் கோடி பேர் பார்த்தாலும் தயாரிப்புச் செலவு ஒன்றுதான். ஆள் கூடக் கூட இலாபம் தடிக்கும். ஸ்பொட்டிஃபையில் வருமானத்தோடு சேர்ந்தே உரிமைத்தொகையும் ஏறும் என்று மேலே பார்த்தோம். மறுபுறம், யாரும் பார்க்காத தொடருக்குக் காசு கொட்டிய ஆபத்து ஸ்பொட்டிஃபைக்கு இல்லை. பொட்காஸ்டில் அந்த ஆபத்தைத் தொட்டுப் பார்த்துத்தான் கையைச் சுட்டுக்கொண்டார்கள்.

கொழும்புப் பங்குச் சந்தையில் இதற்கு நிகரான கம்பனி?

ஒன்றுக்கொன்று பொருத்தமாக எடுப்பது கடினம். மாணவர்கள் பயிற்சிக்கு டயலொக் ஆசியாட்டாவையும் ஸ்ரீ லங்கா டெலிகொமையும் எடுக்கலாம்: மாதாந்தச் சந்தா, தொலைக்காட்சிச் சேவை இரண்டிலும் உண்டு, நிதியாண்டும் டிசெம்பரில் முடிகிறது. ஆனால் அவை கோபுரமும் கேபிளும் போட்டுத் தொழில் செய்பவை, தேய்மானச் செலவு மலைபோல இருக்கும். இன்னொரு வசதி, இலங்கையின் கணக்கீட்டு நியமங்கள் சர்வதேச நியமங்களைத் தழுவியவை, ஸ்பொட்டிஃபையும் அதே சர்வதேச நியமங்களில்தான் எழுதுகிறது. வகுப்பில் படித்த தலைப்புகள் அப்படியே இருக்கும்.

பங்கு வைத்திருந்தால் பங்கிலாபம் கிடைக்குமா?

இல்லை. 2018 ஏப்ரலில் நியூயோர்க் பங்குச் சந்தையில் வந்ததிலிருந்து கொடுத்ததில்லை. அங்கே அவர்கள் வந்த விதமே வித்தியாசம்: புதுப் பங்கு வெளியிட்டுக் காசு திரட்டாமல், ஏற்கெனவே இருந்த பங்குகளை நேரே சந்தையில் விற்க விட்டார்கள். 2024இல் பங்கு விலை இரு மடங்குக்கு மேல் ஏறியது. அந்த விலையில் அந்த ஆண்டு இலாபம் மட்டுமல்ல, இனி வரும் என்று நம்பும் பல ஆண்டு இலாபமும் சேர்ந்திருக்கிறது.

இனி இலாபம் நிச்சயம் என்று எடுக்கலாமா?

2025இன் இரண்டாம் காலாண்டைப் பாருங்கள். சந்தாதாரர் 276 மில்லியன் ஆனார்கள், வருமானமும் ஏறியது. ஆனாலும் 86 மில்லியன் தேறிய நட்டம். பெரிய காரணங்களில் ஒன்று வேடிக்கையானது: பங்கு விலை ஏறியது! ஊழியருக்குக் கொடுத்த பங்கின் மதிப்பு ஏறினால், சுவீடன் போன்ற நாடுகளில் தொழில்கொள்வோர் செலுத்தும் சமூகக் கட்டணமும் ஏறும். கம்பனி நன்றாகப் போவதாகச் சந்தை நினைத்ததே கணக்கில் செலவாக விழுந்தது. இதற்கும் பாட்டு வியாபாரத்துக்கும் தொடர்பில்லை; ஒரு காலாண்டு நட்டத்தைப் பார்த்துப் பதறவும் வேண்டாம், ஒரு ஆண்டு இலாபத்தைப் பார்த்து நிச்சயம் என்று எழுதவும் வேண்டாம். 2026 ஜனவரியிலிருந்து நிறுவுநர் டேனியல் எக் நிறைவேற்றுத் தலைவர் பதவிக்குப் போக, இரண்டு இணைப் பிரதம நிறைவேற்று அதிகாரிகள் பொறுப்பேற்றிருக்கிறார்கள். செலவைக் கட்டுப்படுத்தும் பழக்கம் அவர்களிடமும் நிற்கிறதா என்பது இனி வரும் ஆண்டறிக்கைகளில் தெரியும்.

கொழும்பிலிருந்து இந்தப் பங்கை வாங்கலாமா?

இலங்கையில் வசிப்பவர் வெளிநாட்டில் முதலிடுவது 2017ஆம் ஆண்டின் 12ஆம் இலக்க வெளிநாட்டுச் செலாவணிச் சட்டத்தின்கீழ் வரும் விடயம். காசு வங்கியில் திறக்கும் வெளிமுக முதலீட்டுக் கணக்கு வழியாகப் போக வேண்டும், எல்லைகளும் உண்டு, அவை நெருக்கடிக் காலத்திலிருந்து பல தடவை மாறியிருக்கின்றன. உங்கள் வங்கியின் வெளிநாட்டு நாணயப் பிரிவில் அன்றைய நிலவரத்தைக் கேளுங்கள். கடனட்டையால் ஏதோ ஒரு செயலியில் காசு போட்டு வாங்கலாம் என்று சொல்பவரிடம் இந்தச் சட்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்கள்.

ஆண்டறிக்கை முந்நூறு பக்கத்துக்குக் கிட்ட வருமே, எங்கே தொடங்குவது?

முதல் பக்கத்திலிருந்து வாசிக்க வேண்டாம். லக்சம்பேர்க்கில் பதிவான வெளிநாட்டுக் கம்பனி என்பதால் அமெரிக்கப் பங்குச் சந்தைகளைக் கண்காணிக்கும் ஆணைக்குழுவிடம் இவர்கள் ஆண்டறிக்கையாகக் கொடுப்பது 20-எஃப் என்ற படிவம். அதில் முதலில் நிர்வாகத்தின் கலந்துரையாடல் பகுதிக்குப் போங்கள். வருமானமும் செலவும் ஏன் கூடின, ஏன் குறைந்தன என்று வரிக்கு வரி காரணம் இருக்கும். பிறகு காசுப்பாய்ச்சற் கூற்று. அதன்பின் 'இடர்கள்' பகுதி. நீளம்தான், ஆனால் மூன்று பெரிய இசை நிறுவனங்களை எவ்வளவு தூரம் நம்பியிருக்கிறார்கள் என்பதை அவர்களே அங்கே ஒப்புக்கொள்கிறார்கள். படங்களும் வண்ண வரைபடங்களும் வேண்டுமென்றால் முதலீட்டாளருக்கான காலாண்டு விளக்கக் கோவையில் கிடைக்கும். அதில் மாறா நாணய எண்ணும் பிரதேச வாரிப் பங்கும் ஒரே பார்வையில் இருப்பதால், பாடசாலைச் செயற்றிட்டத்துக்கு அது போதும்.